தீயில் துவைத்த ஆடை

ஆற்று நீரில் துவைத்த ஆடையை அறிவோம். வெள்ளாவியில் வைத்த ஆடையையும் அறிவோம். தீயில் துவைக்கும் ஆடை ஒன்று உண்டென்று பழங்கால மக்கள் சீனம் முதல் ஐரோப்பா வரை நம்பி வந்தனர். அழுக்கேறினால் அடுப்பில் போட வேண்டியதுதான். வெளியே எடுத்தால் புத்தாடைபோல் வெளுத்திருக்குமாம்!

இத்தகைய ஆடை எதனால் நெய்யப்படுகிறது? இங்கேதான் கற்பனை சிறகு விரிக்கிறது. தென்திசையில் ஓயாது எரியும் மலை ஒன்று உண்டு, அதனுள் வாழும் எலியின் உரோமமே நூல் என்றனர் சீனர். ஐரோப்பியரோ சாலமாண்டர் என்னும் தீப்பிராணியின் மீது பாரத்தைப் போட்டனர். சுமார் 1165-இல் பிரெஸ்டர் ஜான் என்னும் இல்லாத அரசனின் பெயரால் ஒரு பொய்க் கடிதம் அங்கே உலவிற்று. அவனது மாய நாட்டில் சாலமாண்டர்கள் பட்டுப்புழுக்களைப்போல் கூடு கட்டும். அரண்மனைப் பெண்டிர் அதை நூலாக்குவர். ஆடையை நெருப்பில் சலவை செய்வர். அந்த அரசன் ஆள்வது மூன்று இந்தியாக்களையாம்! ரோமானிய அறிஞர் பிளினியும், மழையே பெய்யாத இந்தியப் பாலைவனத்தில் பாம்புகளுக்கு நடுவே இது விளைகிறது என்று எழுதிவைத்தார். தொலைவிலுள்ள அதிசயத்துக்கெல்லாம் நம் நாட்டின் முகவரியை எழுதிவிடுவது அக்கால வழக்கம்போலும்.

இவ்வாடை வரும் கதைகளில் எனக்கு மிகவும் பிடித்தது ஜப்பானியருடையது. 'தக்கேத்தோரி மோனோகத்தாரி' ஜப்பானிய உரைநடைக் கதைகளில் மிகப் பழையது எனக் கருதப்படுவது. மூங்கிலுக்குள் கண்டெடுக்கப்பட்ட ககுயா என்னும் பேரழகியை மணக்க ஐவர் போட்டியிடுகின்றனர். கிடைக்கவே கிடைக்காத பொருளொன்றைக் கொண்டுவருமாறு ஒவ்வொருவரையும் அவள் பணிக்கிறாள். செல்வரான அமைச்சர் ஒருவர் பங்குக்கு வந்தது தீயெலித் தோலாடை. அவர் சீன வணிகனுக்குப் பொன் அனுப்புகிறார். அவனும், முன்னாளில் இந்தியத் துறவி ஒருவர் கொணர்ந்தது என்று சொல்லி (இங்கும் இந்தியா!), நீல நிறத்தில், மயிர் நுனிகள் பொன்னாய் மின்னும் ஓர் ஆடையை அனுப்புகிறான். ககுயா அதன் அழகில் மயங்கவில்லை. 'தீயில் இடுங்கள்' என்கிறாள். ஆடை படபடவென எரிந்து சாம்பலாகிறது. அமைச்சரின் முகம் புல்லைப்போல் பச்சையாகிறது. சோதனைக்கூடம் இல்லாத காலத்தில் இதைவிட நல்ல சோதனை ஏது?

சோதிக்காமல் தீர்ப்பளித்தவரும் உண்டு. சீனத்தின் வேய் அரசை 220 முதல் 226 வரை ஆண்ட சாவ் பீ, தீ எதையும் வாழவிடாது, ஆகையால் இவ்வாடை இருக்கவே முடியாது என்று தம் நூலில் எழுதினார். அவர் மகன் அதைக் கல்லில் பொறித்து நிறுவினான். 239-இல் மேற்றிசை நாட்டார் மெய்யாகவே அத்தகைய துணியைக் கொணர்ந்து காணிக்கை வைத்தனர். கல்லில் இருந்த வாசகத்தை அழித்தனர், உலகம் நகைத்தது என்று ஒரு பழங்குறிப்பு கூறுகிறது.

ஆம், துணி மெய். பொய்யானவை எலியும் சாலமாண்டரும்தான். மார்க்கோ போலோ 13-ஆம் நூற்றாண்டிலேயே இதைப் போட்டுடைத்தார்: மலையில் வெட்டி, உலர்த்தி, இடித்து, கழுவி, நூற்கப்படும் தாதுப்பொருள் அது என்றார். நம் தமிழ்ப் பெயரோ ஒரே சொல்லில் உண்மையைச் சொல்லிவிடுகிறது: கல்நார். ஆஸ்பெஸ்டாஸ் என்று நாம் அழைப்பது இதையே.

கல் எப்படி நாராகும்? மிகுதியாகப் பயன்பட்டுவரும் வெள்ளைக் கல்நாரில், சிலிக்கனும் ஆக்சிஜனும் சேர்ந்த ஓர் அடுக்கும், மக்னீசியமும் ஹைட்ராக்சிலும் சேர்ந்த ஓர் அடுக்கும் ஒட்டியிருக்கின்றன. இரண்டாவது அடுக்கு சற்றே பெரியது. ஒட்டிய இரண்டும் அளவொவ்வாமல், பாயைப்போல் சுருண்டு நுண்ணிய குழலாகின்றன. இனி, எரிதல் என்பது ஆக்சிஜனோடு கூடுவது. ஏற்கெனவே கூடி முடித்த பொருள் மறுபடி எதைக் கொண்டு எரியும்? எண்ணெயும் கரியும் எரிந்து போகும், துணி நிற்கும். சுமார் 600 பாகை சென்டிகிரேடுக்கு மேல் நெடுநேரம் கிடந்தால் இதுவும் தன் நீர்க்கூறை இழந்து நொறுங்கும் என்பதைக் கதைகள் சொல்வதில்லை.

தீயால் அழிக்க முடியாததை நம் உடலாலும் எளிதில் அழிக்க முடிவதில்லை. நுரையீரலுக்குள் சென்ற நாரை விழுங்க முயலும் காவல் அணுக்கள் தோற்றுப்போகின்றன. நுரையீரல் தழும்பேறுகிறது, புற்றுநோய் வருகிறது, நுரையீரலைச் சூழ்ந்த சவ்வில் மீசோதீலியோமா என்னும் கொடிய கட்டியும் தோன்றுகிறது. வெள்ளைக் கல்நார் மற்ற வகைகளைவிட விரைவில் கரையும் என்று அதன் வணிகர் வாதாடுவர். அது உண்மையே. ஆயினும் சர்வதேசப் புற்றுநோய் ஆய்வு முகமை எல்லா வகைக் கல்நாரையும் புற்றுநோய் உண்டாக்குபவை என்றே வகுத்திருக்கிறது. பிரிட்டன் 1999-இல் வெள்ளைக் கல்நாரையும் தடை செய்தது. இந்தியாவில் சிமென்டோடு கலந்த கூரைத் தகடுகளாக அது இன்றும் விற்பனையாகிறது.

அந்தத் தகட்டின் கீழ் நிற்பதாலேயே யாரும் பதற வேண்டாம். சிமென்டுக்குள் கட்டுண்ட நார் அவ்வளவாக வெளிவராது. அறுக்கும்போதும், துளையிடும்போதும், உடைக்கும்போதும் எழும் தூசியே எமன். ஆகவே விடுதி அறையில் கொடி கட்டவோ விளக்கு மாட்டவோ அதில் துளை போடாதீர்கள். உடைந்த துண்டை நனைத்தபின் எடுக்கச் சொல்லுங்கள். உலர்ந்த தூசியைப் பெருக்க விடாதீர்கள். பழைய ஆய்வுக்கூடங்களில் பீக்கருக்கு அடியில் வைக்கும் கம்பிவலையின் நடுவே உதிரும் வெள்ளை வட்டமும் இதுவாக இருக்கலாம்.

நோய் தலைகாட்ட இருபது, முப்பது, நாற்பது ஆண்டுகள்கூட ஆகும். அதனால்தான் உச்ச நீதிமன்றம் 1995-இல் அளித்த தீர்ப்பில், கல்நார்த் தொழிலாளி ஒவ்வொருவரின் உடல்நல ஏட்டையும் வேலையில் சேர்ந்த நாள் முதல் குறைந்தது 40 ஆண்டுகள், அல்லது வேலையை விட்டபின் 15 ஆண்டுகள், இவற்றில் எது பிந்தியதோ அதுவரை காக்குமாறு கட்டளையிட்டது. நம் வயதில், அதாவது 23-இல், ஆலையில் சேர்ந்தவனின் ஏடு அவனுடைய 63-ஆவது வயது வரையேனும் இருந்தாக வேண்டும். நாள்கூலிக்கு வந்து, வாயில் துண்டைக் கட்டிக்கொண்டு, நம் கூரைக்குத் தகடு அறுத்துவிட்டுப் போகிறவனுக்கு அத்தகைய ஏடு இருப்பது அரிது.