பதினைந்து வாரக் கணக்கு

சாணக்யபுரி என்றதும் தூதரகங்கள்தான் நினைவுக்கு வரும். அவற்றுக்கு நடுவே டெல்லிப் பல்கலைக்கழகத்தின் இரண்டு பெண்கள் கல்லூரிகளும் இருக்கின்றன. ஒன்று, பாபு தாம் பகுதியில் 1967-இல் தொடங்கிய மைத்ரேயி கல்லூரி. மற்றொன்று, 1968-இல் தொடங்கிய ஜீசஸ் அண்ட் மேரி கல்லூரி. பாடத்திட்டம், தேர்வு, பட்டம் என்று எல்லாமே பல்கலைக்கழகத்தினுடையவை. கல்வி நாட்காட்டியும் அப்படித்தான். கல்லூரி தன் விருப்பத்துக்கு ஒரு வாரம் முன்னதாகத் தேர்வு வைக்க முடியாது, ஒரு வாரம் கூடுதலாக விடுமுறை விடவும் முடியாது.

அந்த நாட்காட்டி மிகச் சிறியது. வகுப்புகள் தொடங்கும் நாள், நடுவில் வரும் ஒரு வார விடுப்பு, வகுப்புகள் மீண்டும் கூடும் நாள், வகுப்புகள் முடிந்து படிப்பு விடுப்பும் செய்முறைத் தேர்வும் தொடங்கும் நாள், எழுத்துத் தேர்வு, செமஸ்டர் விடுமுறை. ஒரு செமஸ்டருக்குச் சில வரிகள்தான். ஆனால் மாணவிகளைச் சிக்கலில் மாட்டிவிடும் தேதிகளில் பெரும்பாலானவை அந்த வரிகளில் இருப்பதில்லை. பாடங்களைத் தேர்ந்தெடுத்தல், இன்டர்னல் மதிப்பீடு, தேர்வுப் படிவம், அரியர், மேற்படிப்பு விண்ணப்பம் ஆகியவற்றின் கெடுக்கள் தனித்தனிச் சுற்றறிக்கைகளாக வருகின்றன. அவற்றைத் தேடி எடுத்து, அந்தச் சிறிய தாளின் மேல் எழுதிக்கொள்வதுதான் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தவர் செய்ய வேண்டிய முதல் வேலை.

இந்த அமைப்பு பழையதல்ல. 1922-இல் தொடங்கிய டெல்லிப் பல்கலைக்கழகத்தில் இளநிலைப் படிப்புகள் நெடுங்காலம் ஆண்டுத் தேர்வு முறையில்தான் நடந்தன. ஜூலையில் சேர்ந்தால் அடுத்த கோடையில்தான் பெரிய பரீட்சை. 2010-இல் அறிவியல் பாடங்களுக்கும் 2011-இல் மற்றப் பாடங்களுக்கும் செமஸ்டர் முறை வந்தது. ஆசிரியர்களின் கடுமையான எதிர்ப்புக்கு நடுவே வந்த மாற்றம் அது. ஓராண்டு ஓட்டம் இரண்டு அரையாண்டு ஓட்டங்களானதால், தடுமாறினால் எழுந்து நிற்கக் கிடைக்கும் நேரமும் பாதியாகிவிட்டது.

2022 முதல் நடப்பில் இருக்கும் பாடத்திட்டத்தில் ஒரு செமஸ்டருக்கு 22 கிரெடிட். மூன்று முதன்மைத் தாள்கள், ஒரு பொதுவிருப்பத் தாள், இவை ஒவ்வொன்றுக்கும் நான்கு கிரெடிட். மொழித்திறன், தொழில்திறன், மதிப்புக்கல்வி ஆகிய மூன்று சிறு தாள்களுக்கு இரண்டிரண்டு. ஆக ஏழு தாள்கள். ஒரு கிரெடிட் விரிவுரை என்றால் வாரம் ஒரு மணி வீதம் பதினைந்து வாரம். ஆகஸ்ட் தொடக்கம் முதல் நவம்பர் இறுதி வரை பதினேழு வாரம் இருப்பதாகத் தோன்றும். அதில் இடைவிடுப்பு ஒரு வாரம் போய்விடும். சுதந்திர தினம், கிருஷ்ண ஜெயந்தி, மீலாது நபி, காந்தி ஜெயந்தி, தசரா, தீபாவளி, குரு நானக் ஜெயந்தி என்று விழும் நாட்களையும் கழித்தால் கணக்கு பதினைந்துக்கு வந்து நிற்கும். மிச்சம் என்று சொல்லக் கையில் ஒன்றும் இல்லை.

முதலாண்டுக்காரர்களுக்குப் பல ஆண்டுகளில் இந்தப் பதினைந்தும் சுளையாகக் கிடைத்ததில்லை. கொரோனாக் காலத்தில் முதலாண்டு வகுப்புகள் 2020-இல் நவம்பர் 18 அன்றும், 2021-இல் நவம்பர் 22 அன்றும் தொடங்கின. கட்-ஆஃப் பட்டியல் முறை போய் க்யூட் நுழைவுத் தேர்வு வந்த 2022-இல் நவம்பர் 2 ஆயிற்று. 2023-இல் ஆகஸ்ட் 16. மறு ஆண்டு ஆகஸ்ட் 29-க்குத் தள்ளிப்போய், 2025-இல்தான் ஆகஸ்ட் 1-க்குத் திரும்பியது. தாமதமாகத் தொடங்கும் ஆண்டில் முதலாண்டுக்கு மட்டும் தனி நாட்காட்டி போடப்படும். மூத்த மாணவிகள் தேர்வு எழுதிக்கொண்டிருக்கும்போது புதியவர்கள் இன்னும் பாடம் கேட்டுக்கொண்டிருப்பார்கள். விட்ட வாரங்களை ஈடுகட்ட விடுமுறைகளைத்தான் சுருக்குவார்கள். பள்ளியிலிருந்து அப்போதுதான் வந்த, ஊரும் மொழியும் புதிதான பிள்ளைகளுக்கு மூச்சுவிடும் இடைவெளி பறிபோவது நியாயமே இல்லை.

தமிழ்நாட்டிலிருந்து வருபவர்களுக்கு இன்னொரு சிக்கல் உண்டு. பிளஸ் டூ முடிவுகள் மே மாதம் வந்துவிடும். ஊரில் கலை அறிவியல் கல்லூரிகள் ஜூன், ஜூலையில் திறந்துவிடும். க்யூட் முடிவும் அதன் பின் டெல்லியின் இட ஒதுக்கீட்டுச் சுற்றுகளும் ஆகஸ்ட் வரைக்கும்கூட இழுக்கும். அதுவரை சும்மா இருக்க முடியாமல் பலர் ஊரிலேயே ஒரு கல்லூரியில் கட்டணம் கட்டிச் சேர்ந்துவிடுகிறார்கள். டெல்லியில் இடம் கிடைத்ததும் அந்தப் பணம் போச்சு என்று மலைக்க வேண்டியதில்லை. கட்டணத்தைத் திருப்பித் தர பல்கலைக்கழக மானியக் குழு கெடு விதிக்கிறது. 2024-25 கல்வியாண்டுக்கு, செப்டம்பர் 30-க்குள் விலகினால் முழுக் கட்டணமும், அக்டோபர் 31-க்குள் விலகினால் அதிகபட்சம் ஆயிரம் ரூபாய் கழித்துக்கொண்டு மீதியும் தர வேண்டும் என்றது. கெடு ஆண்டுதோறும் அறிவிக்கப்படுவதால், சேரும் ஆண்டின் அறிவிப்பைப் பார்த்துக்கொள்வது அவசியம்.

செமஸ்டர் தொடங்கியதும் முதல் சில நாட்களிலேயே பொதுவிருப்பத் தாளையும் சிறு தாள்களையும் தேர்ந்தெடுத்தாக வேண்டும். இடங்கள் அளவானவை, தாமதித்தவருக்கு மிஞ்சியதுதான் கிடைக்கும். பிரிவு, டியூட்டோரியல் குழு, செய்முறைக் குழு எல்லாம் அந்த வாரங்களிலேயே முடிவாகும். கிரெடிட்களைச் சேமித்து வைக்கும் ஏபிசி கணக்கு எண்ணும் தேவை. நாடு முழுவதற்குமான இந்தக் கிரெடிட் வங்கி 2021 ஜூலையில் தொடங்கப்பட்டது. இன்னொரு கல்லூரிக்கு மாறினாலும், இடையில் நின்று திரும்பி வந்தாலும் படித்ததற்கான பதிவு அதில் நிற்கும்.

அட்டெண்டன்ஸ் மூன்றில் இரண்டு பங்கு இருக்க வேண்டும் என்பது விதி. அதற்கு மேல், வருகைக்கென்று இன்டர்னலில் சில மதிப்பெண்களும் உண்டு. விதியைத் தாண்டிவிட்டோம் என்று ஆறுதல் அடைபவர்கள் இந்த மதிப்பெண்ணைக் கோட்டைவிடுகிறார்கள். அசைன்மெண்ட்டும் வகுப்புத் தேர்வும் ஆசிரியர் குறிக்கும் நாட்களில் வருபவை. நடைமுறையில் அவை இடைவிடுப்புக்குப் பிறகு வரும் ஐந்தாறு வாரங்களில் குவியும். ஏழு தாளுக்கும் ஒரே சமயத்தில் கெடு வந்து நிற்கும்போதுதான் சமர்த் இணையதளத்தில் தேர்வுப் படிவம் நிரப்பும் அறிவிப்பும் வரும். தேர்வுக்குப் படித்தவர்கூட இந்தப் படிவத்தை மறந்தால் தாமதக் கட்டணமும் அலைச்சலும் மிஞ்சும். அதனால் இடைவிடுப்பை ஊர் சுற்றச் செலவழித்துவிடாமல், இரண்டு அசைன்மெண்ட்டையாவது அந்த வாரத்தில் முடித்து வைப்பது புத்திசாலித்தனம்.

பல்கலைக்கழகத்தின் தேதிகள் போக, டெல்லி என்ற ஊருக்கே உரிய தேதிகளும் உண்டு. மாணவர் பேரவைத் தேர்தலை வகுப்புகள் தொடங்கி ஆறிலிருந்து எட்டு வாரத்துக்குள் நடத்த வேண்டும் என்பது லிங்டோ குழுவின் பரிந்துரை. அதனால் செப்டம்பரை ஒட்டி வளாகங்கள் பிரசாரத்தில் மூழ்கும். தீபாவளிக்குப் பின் காற்று கெடும். 2024 நவம்பரில் மாசு எல்லை மீறியபோது, 18-ஆம் தேதி வந்த அறிவிப்பின்படி 23-ஆம் தேதி வரை வகுப்புகள் ஆன்லைனுக்கு மாறின. தேர்வுக்குச் சற்று முன்னால் வரும் வாரங்கள் அவை. செய்முறைப் பாடம் உள்ளவர்களுக்குத்தான் பாதிப்பு அதிகம். சாணக்யபுரிக்கென்று தனியாகவும் ஒரு தொல்லை உண்டு. வெளிநாட்டுத் தலைவர்கள் வந்தால் சாலைகள் அடைபடும். ஜி-20 உச்சி மாநாட்டுக்காக 2023 செப்டம்பர் 8 முதல் 10 வரை தலைநகரில் கல்வி நிலையங்கள் மூடப்பட்டன. அமெரிக்க அதிபர் தங்கியது சாணக்யபுரியின் சர்தார் பட்டேல் மார்க்கில் உள்ள ஐடிசி மௌரியா ஹோட்டலில்தான். ஜனவரியில் குடியரசு தின ஒத்திகைகளுக்காகவும் பேருந்துகள் வழி மாறும்.

டிசம்பர் முழுவதும் தேர்வுக்காலம். அது முடிந்து ஜனவரித் தொடக்கத்தில் அடுத்த செமஸ்டர் வருவதற்குள் கிடைப்பது அண்மை ஆண்டுகளில் மிகச் சில நாட்கள்தான். தமிழ்ப் பிள்ளைகளுக்கு இங்கேதான் பொங்கல் கணக்கு இடிக்கிறது. ஊருக்குப் போனவர் பொங்கலை முடித்துக்கொண்டு ஜனவரி 17 அன்று ரயில் ஏறுவதாக வைத்துக்கொள்வோம். தமிழ்நாடு எக்ஸ்பிரஸ் டெல்லி வந்து சேர ஒன்றரை நாளுக்கு அருகில் ஆகும். வகுப்பு ஜனவரி 2 அன்று தொடங்கியிருந்தால் இரண்டு வாரத்துக்கு மேல் போயிருக்கும். பதினைந்தில் இரண்டுதானே, விதி இடம் கொடுக்கிறதே என்று தோன்றலாம். ஆனால் வாரம் ஒரே ஒரு விரிவுரை உள்ள சிறு தாளில் மொத்தமே பதினைந்து விரிவுரைகள். அதில் இரண்டோ மூன்றோ தொடக்கத்திலேயே போய்விட்டால், பிறகு காய்ச்சலுக்கும் கல்லூரி விழாவுக்கும் எடுக்க அதிகம் மிஞ்சாது. தாள்களைத் தேர்ந்தெடுக்கும் நாட்களும் அவைதான்.

டிக்கெட் கணக்கும் சேர்ந்துகொள்கிறது. 2024 நவம்பர் 1 முதல் ரயில் முன்பதிவு 120 நாட்களிலிருந்து 60 நாட்களாகக் குறைக்கப்பட்டது. ஜனவரி 17 பயணத்துக்கு நவம்பர் 18 காலை 8 மணிக்கு முன்பதிவு திறக்கும். டிசம்பர் 28 அன்று ஊருக்குப் புறப்பட வேண்டுமானால் அக்டோபர் 29. தேர்வு அட்டவணை அப்போது பெரும்பாலும் உறுதியாகியிருக்காது. பல்கலைக்கழக நாட்காட்டியில் தேர்வுக்காலம் முடியும் நாளை வைத்தே டிக்கெட் எடுத்துவிட்டு, அட்டவணை வந்த பின் மாற்றிக்கொள்வதுதான் நடைமுறையில் எளிது. பொங்கலுக்கு ஊருக்குப் போக முடியாதவர்களுக்கு ராமகிருஷ்ணபுரத்து மலை மந்திர் முருகன் கோயில் பக்கத்திலேயே இருக்கிறது.

இரண்டாம் பாதி முதல் பாதியைவிட வேகமாக ஓடும். பிப்ரவரியும் மார்ச்சும் கல்லூரி விழாக்களின் பருவம். ஜீசஸ் அண்ட் மேரியின் ‘மோன்டாஜ்’, அருகில் தௌலா குவானில் உள்ள ஸ்ரீ வெங்கடேஸ்வரா கல்லூரியின் ‘நெக்ஸஸ்’ போன்றவற்றுக்கு மாதக்கணக்கில் ஒத்திகை நடக்கும். நடனமோ விவாதமோ, மேடை ஏறுவது கல்லூரி வாழ்வில் கிடைக்கும் நல்ல பயிற்சி. அதைத் தவிர்க்கச் சொல்வது தவறான ஆலோசனை. ஒத்திகைக்காக விடும் வகுப்புகளுக்கு அனுமதிக் கடிதத்தை அன்றைக்கன்றே வாங்கி வைத்துக்கொள்ள வேண்டும், அவ்வளவுதான். ஹோலியை ஒட்டி இடைவிடுப்பு வரும். மே மாதக் கொதிப்பில், வெப்பம் 40 டிகிரியைத் தாண்டும் நாட்களில் எழுத்துத் தேர்வு நடக்கும்.

தேர்வில் ஒரு தாள் விழுந்தால் என்ன என்பது நாட்காட்டியில் தெரியாத, ஆனால் அதிக விலை கேட்கும் விதி. மதிப்பெண் பட்டியலில் அந்தத் தாளுக்கு எதிரே ‘ஈ.ஆர்.’ என்று வரும். மீண்டும் எழுதியே ஆக வேண்டும் என்று பொருள். பொறியியல் படிக்கும் அண்ணன், அக்காவைப் பார்த்து வளர்ந்தவர்கள், அரியரை அடுத்து வரும் செமஸ்டரிலேயே முடித்துவிடலாம் என்று நினைப்பது இயல்பு. இங்கே பொதுவாக, ஒற்றைப்படை செமஸ்டரின் தாளை அடுத்த ஒற்றைப்படை செமஸ்டர் தேர்வின்போதுதான் எழுத முடியும். டிசம்பரில் விழுந்த தாளுக்கு அடுத்த டிசம்பர். அந்த டிசம்பரில் புதிய ஏழு தாளோடு இது எட்டாவது. அதற்கும் தனியாகப் படிவம் நிரப்ப வேண்டும். எனவே முடிவுகள் வந்ததும் மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பிக்கும் கெடுவைப் பார்ப்பது, வெறுமனே மதிப்பெண்ணைக் கூட்டிக்கொள்ளும் ஆசையால் அல்ல. ஓராண்டுக் காத்திருப்பைத் தவிர்க்கும் வழி அது.

இதே கட்டமைப்புக்குள் வேறு நாட்காட்டியில் படிப்பவர்களும் உண்டு. டெல்லியில் வசிக்கும் பெண்களுக்காகப் பல்கலைக்கழகம் நடத்தும் மகளிர் கல்வி வாரியத்தின் வகுப்புகள் வார இறுதியில் பல கல்லூரிகளில் நடக்கின்றன. வேலைக்குப் போகும் பெண்களுக்கும் வீட்டுப் பொறுப்பு உள்ளவர்களுக்கும் வரப்பிரசாதம் அது. வகுப்பு நாட்கள் குறைவு என்பதால் ஒரு ஞாயிறு தவறினாலும் இழப்பு பெரிது.

மூன்றாம் ஆண்டில் கணக்கு மறுபடி மாறுகிறது. 132 கிரெடிட்டோடு மூன்றாண்டுப் பட்டம் பெற்று வெளியேறலாம்; நான்காம் ஆண்டும் படித்து 176 கிரெடிட் சேர்க்கலாம். 2022-இல் சேர்ந்த முதல் அணி 2025 ஆகஸ்டில் ஏழாவது செமஸ்டருக்குள் நுழைந்தது. வெளியேறி முதுகலைக்குப் போக நினைப்பவர், ஆறாவது செமஸ்டர் முடியட்டும் என்று காத்திருக்கக் கூடாது. முதுகலைக்கான க்யூட் தேர்வு மார்ச் மாதத்தை ஒட்டி நடக்கிறது. 2024 தேர்வுக்கான விண்ணப்பம் 2023 டிசம்பர் இறுதியிலும், 2025 தேர்வுக்கானது ஜனவரித் தொடக்கத்திலும் திறந்தன. ஐந்தாவது செமஸ்டரின் கடைசித் தாளை எழுதிவிட்டு ஊருக்குப் பெட்டி கட்டும் அதே நாட்கள் அவை. நான்காம் ஆண்டா, முதுகலையா என்று துறை ஆசிரியர்களிடம் கலந்து பேச ஏற்ற காலம் அக்டோபரின் இடைவிடுப்புக்கு முன்பான வாரங்கள்தான்.