திரையில் பூர்வகுடியினரின் குரல்: ஜே சில்வர்ஹீல்ஸின் கலைப்பணியும் செயல்பாடும்

முன்னுரை

தமிழில் ‘செவ்விந்தியர்’ என்று வழங்கப்பெறும் வட அமெரிக்கப் பூர்வகுடியினர், ஹாலிவுட்டின் தொடக்கக் காலம் முதலே திரையில் காட்டப்பட்டு வந்துள்ளனர். எனினும் அவர்களைப் பற்றிய கதைகளைப் பிறரே எழுதினர். முதன்மைப் பாத்திரங்களையும் பெரும்பாலும் பிறரே ஏற்றனர். இந்நிலையை உள்ளிருந்தே எதிர்கொண்டவர் நடிகர் ஜே சில்வர்ஹீல்ஸ் (1912–1980). திரையில் தோற்றம் பெறுவதற்கும் குரல் பெறுவதற்கும் இடையிலான வேறுபாட்டை அவரது வாழ்வின் வழி இக்கட்டுரை விளக்குகிறது.

விளையாட்டுக் களத்திலிருந்து திரைக்கு

ஹாரல்ட் ஸ்மித் என்னும் இயற்பெயருடைய சில்வர்ஹீல்ஸ், கனடாவின் ஒண்டாரியோ மாகாணத்திலுள்ள ‘சிக்ஸ் நேஷன்ஸ்’ பூர்வகுடி நிலப்பகுதியில் பிறந்த மோகாக் இனத்தவர். தம் முன்னோரின் விளையாட்டான லாக்ரோஸில் புகழ்பெற்று அமெரிக்கா சென்ற அவர், 1930களின் பிற்பகுதியில் துணை நடிகராகத் திரையுலகில் நுழைந்தார்.

பிறர் வகுத்த குரல்

1949 முதல் 1957 வரை ஒளிபரப்பான ‘தி லோன் ரேஞ்சர்’ தொலைக்காட்சித் தொடரில், நாயகனின் துணைவனான டோன்டோ பாத்திரம் அவரை வீடுதோறும் அறிமுகப்படுத்தியது. ஆனால் அப்பாத்திரம் அவருக்கு முன்பே உருப்பெற்றிருந்தது. 1933இல் இக்கதை வானொலித் தொடராகத் தொடங்கியபோது, டோன்டோவுக்குக் குரல் கொடுத்தவர் ஜான் டாட் என்னும் வெள்ளையின நடிகர். இலக்கணம் சிதைந்த ஆங்கிலத்தைப் பேசும் அவ்வழக்கு தொலைக்காட்சியிலும் தொடர்ந்தது. முகம் பூர்வகுடியினருடையதாக மாறிய பின்னரும், பேச்சு பிறர் வகுத்ததாகவே நீடித்தது.

அக்காலத் திரைப்படங்களும் இதனையே உணர்த்துகின்றன. பூர்வகுடியினரைப் பரிவுடன் சித்திரித்ததாகப் பாராட்டப்பெற்ற ‘புரோக்கன் ஏரோ’ (1950) படத்தில் அப்பாச்சி தலைவர் கோச்சிஸாக நடித்தவர் வெள்ளையினத்தவரான ஜெஃப் சாண்ட்லர். அவர் ஆஸ்கர் விருதுக்கும் பரிந்துரைக்கப்பட்டார். அதே படத்தில் சில்வர்ஹீல்ஸுக்குக் கிடைத்தது ஜெரோனிமோ என்னும் சிறு பாத்திரமே. கதையின் நோக்கில் ஏற்பட்ட பரிவு, நடிகர் தேர்வில் ஏற்படவில்லை.

பயிற்சிப் பட்டறை: நிறுவன வழித் தீர்வு

1950களில் அமெரிக்க அரசு பூர்வகுடியினரை நகரங்களுக்கு இடம்பெயரத் தூண்டியது. அவ்வாறு லாஸ் ஏஞ்சலிஸில் குடியேறியோர் பலர். திரைத்தொழிலின் தலைநகரிலேயே அவர்கள் வாழ்ந்தபோதும், முறையான நடிப்புப் பயிற்சிக்கு வாய்ப்பற்றிருந்தனர். பயிற்சியின்மை வாய்ப்பைத் தடுத்தது. வாய்ப்பின்மை பயிற்சியைத் தடுத்தது. 1966இல் அந்நகரில் சில்வர்ஹீல்ஸ் தொடங்கிய ‘இந்தியன் ஆக்டர்ஸ் வொர்க்‌ஷாப்’ என்னும் நடிப்புப் பட்டறை இச்சுழற்சியை உடைக்க முனைந்தது. தனிப்பட்ட புகழ் ஓரிருவருக்கே வழி திறக்கும். பயிற்சி நிறுவனமோ ஒரு தலைமுறைக்கே வழி திறக்கக்கூடும். அவரது செயல்பாட்டின் சிறப்பு இதில் அடங்கியுள்ளது. 1979இல் ஹாலிவுட் புகழ்ப் பாதையில் அவர் பெயரில் நட்சத்திரம் பதிக்கப்பட்டது.

தொடர்ச்சி

இம்முயற்சியின் திசையிலேயே 1983இல் மஸ்கோகி இன நடிகர் வில் சாம்சன் பூர்வகுடிக் கலைஞர்களுக்கான பதிவமைப்பை நிறுவினார். பூர்வகுடியினரே எழுதி, இயக்கி, நடித்த ‘ஸ்மோக் சிக்னல்ஸ்’ 1998இல் பரவலாகத் திரையிடப்பட்டது. எனினும் 2013இல் ‘தி லோன் ரேஞ்சர்’ மீண்டும் படமானபோது டோன்டோவாக நடித்தவர் ஜானி டெப் என்பது, இம்மாற்றம் நேர்கோட்டில் நிகழவில்லை என்பதைக் காட்டுகிறது. 2024இல் கோல்டன் குளோப் சிறந்த நடிகை விருதைப் பெற்ற லில்லி கிளாட்ஸ்டோன், மேடையில் முதலில் பிளாக்ஃபீட் மொழியில் பேசினார். டோன்டோவின் சிதைந்த ஆங்கிலத்தோடு ஒப்பிடும்போதே அச்சொற்களின் வரலாற்றுப் பொருள் புலனாகும்.

நிறைவுரை

பூர்வகுடி நடிகர் ஒருவர் திரையில் தோன்றுவது முதற்படி. அவர் பேசும் மொழியை யார் எழுதுகிறார், அவரைத் தொடர்ந்து வருவோர்க்கு யார் பயிற்சியளிக்கிறார் என்பனவே பிரதிநிதித்துவத்தின் தரத்தை நிறுவுகின்றன. முதல் வினாவுக்குத் தம் காலத்தில் விடை காண இயலாத சில்வர்ஹீல்ஸ், இரண்டாம் வினாவுக்குத் தாமே விடையானார்.