பணம் சிக்கினால் மட்டும் போதாது

"கையும் களவுமாப் பிடிச்சாங்களே, கை நனைச்ச தண்ணி நிறம் மாறுச்சே, அப்புறம் எப்படிங்க விடுதலை?" பட்டா மாறுதலுக்கு லஞ்சம் வாங்கிப் பிடிபட்ட ஒருவர், சில வருடம் கழித்து விடுதலையாகும்போது ஊரில் எழும் கேள்வி இது. 'காசு கொடுத்து வெளிய வந்துட்டான்' என்று பதிலையும் நாமே சொல்லிக்கொள்கிறோம். பல வழக்குகளில் காரணம் அதுவல்ல. பணம் வாங்கியது தெரிந்தது. கேட்டு வாங்கினார் என்பது நிரூபணமாகவில்லை. அவ்வளவுதான்.

பொறி வைக்கும் முறையைப் பார்ப்போம். லஞ்ச ஒழிப்புத் துறையில் எழுத்தில் புகார் கொடுத்ததும் வழக்குப் பதிவாகும். வேறு துறை அரசு ஊழியர்கள் இருவரைச் சாட்சிகளாக வரவழைப்பார்கள். நோட்டு எண்களை மகஜரில் குறித்துக்கொண்டு, பினாப்தலின் பவுடர் தடவி, புகார்தாரர் கையிலேயே கொடுத்தனுப்புவார்கள். சாட்சிகளில் ஒருவர் கூடவே போவார். அலுவலர் பணத்தை வாங்கியதும் புகார்தாரர் சைகை காட்ட வேண்டும். அதிகாரிகள் உள்ளே வந்து, அலுவலரின் விரல்களைச் சோடியம் கார்பனேட் கரைசலில் நனைக்கச் சொல்வார்கள். கரைசல் இளஞ்சிவப்பாகும். அதைப் பாட்டிலில் அடைத்து, சீல் வைத்து, ஆய்வகத்துக்கு அனுப்புவார்கள்.

அந்த நிறம் சொல்வது ஒன்றுதான்: இந்த நோட்டை இந்தக் கை தொட்டது. ஏன் தொட்டது என்று அது சொல்லாது. வங்கியில் வேலை பார்த்தவனுக்கு இது எளிதாகப் புரியும். கல்லாவில் பணம் கூடுதலாக இருந்தால் மட்டும் அது யார், எதற்காகக் கட்டிய பணம் என்று சொல்ல முடியாது. அதற்குச் சலான் வேண்டும். லஞ்ச வழக்கில் அந்தச் சலான், 'கேட்டார்' என்பதற்கான சாட்சியம்.

அது இல்லாவிட்டால் எதிர்த்தரப்புக்கு வழி தாராளம். 'கிஸ்தி பாக்கிக்கு வாங்கினேன்', 'கொடிநாள் நிதி', 'கைமாத்தாக் கொடுத்ததைத் திருப்பிக் கொடுத்தார்', 'வேண்டாம்னு சொல்லியும் பையில திணிச்சுட்டார்' என்பவை நீதிமன்றங்கள் அடிக்கடி கேட்கும் வாதங்கள்.

ஆந்திராவில் நடந்த வழக்கு ஒன்று. ரேஷன் கடைக்காரர் ஒருவரிடம் 250 ரூபாய் கேட்டதாக வருவாய் அலுவலர் ஒருவர் மீது குற்றச்சாட்டு. பணமும் கைப்பற்றப்பட்டது. விசாரணையில் அந்தக் கடைக்காரரே பிறழ் சாட்சியானார். உரிமம் புதுப்பிக்கும் கட்டணத்தை வங்கியில் கட்டச் சொல்லித்தான் கொடுத்தேன் என்றார். 2014-ல் உச்ச நீதிமன்றம் அலுவலரை விடுதலை செய்தது. கேட்டது நிரூபணமாகாதபோது, பணத்தைக் கைப்பற்றியது மட்டும் குற்றத்தை நிரூபிக்காது என்றது.

சட்டம் நமக்குத் துணை இல்லாமல் இல்லை. 1988-ம் ஆண்டு ஊழல் தடுப்புச் சட்டத்தின் 7-வது பிரிவில் இன்று குறைந்தது 3 ஆண்டு, அதிகபட்சம் 7 ஆண்டு சிறை. கேட்டதும் வாங்கியதும் நிரூபணமாகிவிட்டால், 20-வது பிரிவின்படி அது லஞ்சம் என்றே நீதிமன்றம் அனுமானிக்கும். இல்லை என்று காட்டுவது அலுவலரின் பொறுப்பு.

புகார்தாரர் இறந்துபோனால்? பிறழ் சாட்சியானால்? 2022 டிசம்பரில் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு இதற்குப் பதில் சொன்னது. மற்ற சாட்சிகள், சூழ்நிலை ஆதாரங்கள் மூலமாகவும் கேட்டதை நிரூபிக்கலாம் என்றது. ஆனால் அந்தக் கேள்வியை எழுப்பிய டெல்லி வழக்கின் முடிவையும் கவனியுங்கள். கடைக்கு மின் மீட்டர் கேட்டவர் 2000-ல் கொடுத்த புகார் அது. சாட்சி சொல்லுமுன்பே அவர் இறந்துவிட்டார். 2023-ல் உச்ச நீதிமன்றம், கேட்டது நிரூபணமாகவில்லை என்று விடுதலை செய்துவிட்டது. வழி உண்டு, ஆனால் குறுகல்.

ஆகவே உழவர் செய்ய வேண்டியது என்ன?

மனுவைக் கையில் கொடுத்துவிட்டு வராதீர்கள். ஒப்புகைச் சீட்டோ ஆன்லைன் பதிவு எண்ணோ கட்டாயம் வேண்டும். 'அவர் வேலை என்னிடம் நிலுவையிலேயே இல்லை' என்ற வாதத்தை உடைப்பது அந்தச் சீட்டுதான். மனு தூங்கினால் தகவல் உரிமைச் சட்டத்தில் நிலையைக் கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும்.

எந்தத் தேதி, எந்த இடம், என்ன வார்த்தை சொல்லிக் கேட்டார், பக்கத்தில் யார் இருந்தார் என்று அன்றைக்கே எழுதி வையுங்கள். புகாரிலும் அதே விவரம் வரட்டும். செல்போனில் பதிவு இருந்தால் அந்தப் போனையே பத்திரப்படுத்துங்கள். நகலைக் கொடுத்தால் பாரதிய சாக்ஷிய அதினியத்தின் 63-வது பிரிவுப்படி சான்றிதழும் வேண்டும்.

பொறியன்று நீங்களாகப் பணத்தை நீட்டாதீர்கள். அவர் வாயால் கேட்கட்டும். கூட வந்த சாட்சியின் காதில் அது விழட்டும்.

வேறு வழியில்லாமல் ஏற்கெனவே கொடுத்துவிட்டீர்களா? 2018 திருத்தத்துக்குப் பிறகு கொடுப்பதும் குற்றம். ஆனால் கட்டாயத்தால் கொடுத்தவர் 7 நாளுக்குள் காவல் துறையிடமோ விசாரணை அமைப்பிடமோ தெரிவித்தால் அது குற்றமாகாது. எட்டாவது நாள் வரை தள்ளிப் போடாதீர்கள்.

கடைசிப் பகுதிதான் கடினம். விசாரணையை 2 ஆண்டுக்குள் முடிக்க முயல வேண்டும் என்கிறது சட்டம்; நடைமுறையில் இழுக்கும். இதற்குள் சமாதானம் பேச உறவுக்காரர் வருவார், கட்சிக்காரர் வருவார். அடுத்த அடங்கலுக்கும் அதே ஆபீஸ் படிதான் ஏற வேண்டும். தனி ஆளாக நிற்கும் விவசாயி அங்கேதான் தளர்கிறார். சம்மன் வந்ததும் 'ஞாபகம் இல்லைங்க' என்கிறார்.

புகார் கொடுத்தவரைப் பொறியன்று பாராட்டிவிட்டு மறந்துவிடுவது நம் வழக்கம். அதை மாற்றுவோம். ஒவ்வொரு வட்டாரத்திலும் நம் உழவர் குழு அவருடைய புகார் நகலையும் மனுச் சீட்டுகளையும் கோப்பாக வைத்துக்கொள்ளட்டும். வாய்தா தேதியில் நாலு பேர் அவரோடு நீதிமன்ற வாசல் வரை போகட்டும். அன்று அவருடைய வயலுக்குத் தண்ணீர் பாய்ச்ச ஓர் ஆள் நிற்கட்டும். சாட்சிக்கூண்டில் அவர் சொல்ல வேண்டியது ஒரே வாக்கியம்: "ஆமாங்க ஐயா, அவர் கேட்டார்." அதைத் தடுமாறாமல் சொல்லும் தெம்பை அவருக்குக் கொடுக்க வேண்டியது நாம்.