ஆயுள் பரியந்தம்

பழைய பத்திரங்களில் இரண்டு சொற்கட்டுகள் அடிக்கடி தட்டுப்படும். முழு உரிமையோடு கைமாறும் நிலத்துக்கு ‘தானாதி விநிமய விக்கிரயங்களுக்கு யோக்கியமாய், சர்வ சுதந்திர பாத்தியமாய்’ என்று எழுதுவார்கள். தானம் கொடுக்கலாம், மாற்றிக்கொள்ளலாம், விற்கலாம். கைம்பெண்ணுக்கு ஒதுக்கிய நிலமென்றால் பெரும்பாலும் ‘ஆயுள் பரியந்தம்’ என்பதோடு முடிந்துவிடும்.

இந்து விதவைக்கு அந்தக் காலத்தில் இருந்த சொத்துரிமை ஒரு வினோதமான பொருள். விளைச்சல் முழுக்க அவருடையது. கணக்குக் கேட்க ஆளில்லை. விற்கப் போனால் மட்டும் காரணம் காட்ட வேண்டும்: கணவர் வைத்துவிட்டுப் போன கடன், அவருக்கான சடங்கு, மகளின் கல்யாணம். காரணம் சொத்தை என்றால், அவர் கண்ணை மூடிய பிறகு கணவர் வழி வாரிசுகள் நிலத்தை வாங்கியவர்மேல் வழக்குப் போடலாம். இப்படிப்பட்ட நிலத்தை யார் நல்ல விலைக்கு வாங்குவார்? 1937-ஆம் ஆண்டுச் சட்டம் மகனுக்குச் சமமான பங்கை விதவைக்குத் தந்தது. தந்ததும் இந்த அரை உரிமையைத்தான்.

1956 ஜூன் 17 அன்று இந்து வாரிசுரிமைச் சட்டம் அமலுக்கு வந்தது. இந்துப் பெண்ணின் வசமுள்ள சொத்து முன்பே கிடைத்ததோ பின்னால் கிடைத்ததோ, அதற்கு அவரே முழு உரிமையாளர் என்றது 14-ஆம் பிரிவு. வரப்பு நகரவில்லை, பத்திரத்தில் ஓர் எழுத்து மாறவில்லை, பாத்தியம் மாறிவிட்டது.

ஆனால் அதே பிரிவின் இரண்டாம் உட்பிரிவு ஒரு முடிச்சுப் போட்டது. உயிலோ தானமோ நீதிமன்றத் தீர்ப்போ ‘இவ்வளவுதான்’ என்று வரம்பிட்டுத் தந்திருந்தால், அந்த வரம்பு நிற்கும்.

நெல்லூர் துளசம்மாவின் வழக்கு இந்த முடிச்சில்தான் சிக்கியது. 1931-இல் கணவரை இழந்தவர். 1944-இல் ஜீவனாம்சம் கேட்டு, கணவரின் மாற்றாந்தாய் வழிச் சகோதரர்மேல் வழக்குப் போட்டார். 1949-இல் சமரசம்: சில சொத்துகள், ஆயுள் பரியந்தம் மட்டும். 1960, 61-இல் அவர் சிலவற்றைக் குத்தகைக்கு விட்டார், சிலவற்றை விற்றார். கொழுந்தன் நீதிமன்றம் போனார். உயர் நீதிமன்றத்தில் துளசம்மா தோற்றார்.

1977-இல் உச்ச நீதிமன்றம் கேட்ட கேள்வி எளிமையானது: சமரசம் அவருக்குப் புதிதாக எதைக் கொடுத்தது? எதையும் இல்லை. குடும்பச் சொத்திலிருந்து ஜீவனாம்சம் பெறும் உரிமை இந்து தர்மப்படி அவருக்கு ஏற்கெனவே இருந்தது. அந்தப் பழைய பாக்கிக்காகத்தான் நிலம் வந்தது. ஆகவே வரம்பு செல்லாது, முழு உரிமைதான். தீர்ப்பெழுதியவர்களில் ஒருவரான நீதிபதி பகவதி, இந்தப் பிரிவின் வாசகம் வழக்கறிஞர்களுக்குச் சொர்க்கமாகவும் வழக்காடுபவர்களுக்கு முடிவற்ற குழப்பமாகவும் ஆகிவிட்டதை ஒளிக்காமல் சொன்னார்.

குழப்பம் ஓயவில்லை. உயிலில் ஆயுள் உரிமை மட்டும் எழுதிவைத்தால் என்ன ஆகும் என்பதில் பின்வந்த தீர்ப்புகள் ஒன்றோடொன்று முட்டின. 2024 டிசம்பரில் உச்ச நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள், இதைப் பெரிய அமர்வுதான் தீர்க்க வேண்டும் என்று அனுப்பிவைத்தார்கள்.