தோட்டமும் துரவும்

தமிழிலே சில சொற்கள் இணைபிரியாதவை. ‘தோட்டம் துரவு’ என்பது அவற்றுள் ஒன்று. ‘அவருக்குத் தோட்டம் துரவு உண்டு’ என்று வசதி படைத்தோரைப் பற்றிப் பேசுகிறோம். முதற்சொல்லின் பொருளை யாவரும் அறிவர். இரண்டாவதன் பொருளை வினவினால் மாணவர் மட்டுமன்றி ஆசிரியரும் சற்றே தயங்குவர். துரவு என்பது கிணறு, அதிலும் பெருங்கிணறு. தோட்டத்தைச் சொல்லும்போதே அதனை வாழ்விக்கும் நீரையும் உடன் சொல்லிவிட வேண்டும் என்று நம் முன்னோர் கருதினர் போலும். இச்சொல்லிணையின் பொருளை யான் அகராதியிற் கற்றேன். அதன் உண்மையை என் வீட்டு வளவிலே கற்றேன்.

வரிப்பத்தான்சேனை என்னும் எமதூரின் பெயரிலேயே சேனை இருக்கிறது. காட்டை வெட்டி எரித்து, வானத்தை நம்பி விதைக்கும் மேட்டு நிலத்தையே ஈழநாட்டார் சேனை என்பர். இன்று இப்பகுதியிலே நெல்வயல்கள் பரந்து கிடக்கின்றன. அருகே இறக்காமக் குளம் இருக்கிறது. 1949 ஆம் ஆண்டு தொடங்கிய கல்லோயாத் திட்டம் அம்பாறைப் பகுதியின் நீர்ப்பாசனத்தையே மாற்றியமைத்தது. ஆயினும் வீட்டு வளவுக்கு வாய்க்கால் வருவதில்லை. ஐப்பசி பிறந்தால் மாரி பொழியும். தை மாதத்தோடு அது விடைபெறும். வைகாசிக்குப் பின் கச்சான் காற்று வீசத் தொடங்கும். அக்காற்று தான் சுமந்து வந்த ஈரத்தையெல்லாம் மலைநாட்டின் மேற்குச் சரிவிலே சொரிந்துவிட்டு, வெறுங்கையோடு எம்மிடம் வருகிறது. வருவது மட்டுமோ? இலைகளில் எஞ்சியிருக்கும் ஈரத்தையும் கவர்ந்து செல்கிறது.

என் தோட்டம் பெரிதன்று. வேலியோரம் முருங்கை, கிணற்றடியில் வாழை, பந்தலிலே புடலை, இடையிடையே கத்தரி, வெண்டி, பப்பாசி. முற்றத்தின் மூலையிலே என் உம்மா நட்ட தேசிமரம் ஒன்று நின்றது. சுபஹுத் தொழுகை முடிந்து பாடசாலைக்குப் புறப்படும் வரை உள்ள பொழுது தோட்டத்துக்கு உரியது. வாளியால் நீரிறைத்து ஊற்றுபவனுக்கு ஒவ்வொரு செடியின் வேட்கையும் தனித்தனியே தெரியும். புல்லையும் மரத்தையும் உற்றறியும் ஓரறிவுடைய உயிர்களாகத் தொல்காப்பியர் வகுத்தார். வகுப்பிலே அதனைப் பல்லாண்டு கற்பித்திருக்கிறேன். வாடிய கத்தரியின் வேரில் நீர் விழுந்து, சிறிது நேரத்தில் அதன் இலை நிமிர்வதைக் காணும்போதுதான் அவ்வகுப்பின் கனிவு விளங்குகிறது.

தோட்டப் பணியை இறைபணியாகக் கண்டோர் நம் மொழியில் முன்னரே வாழ்ந்துள்ளனர். திருவில்லிபுத்தூரிலே நந்தவனம் அமைத்து மாலை கட்டிச் சூட்டுவதையே தம் தொண்டாகக் கொண்டார் பெரியாழ்வார். எமது மாவட்டக் கரையோரத்துக் காரைதீவிற் பிறந்த விபுலாநந்த அடிகளோ, இறைவனுக்கு உகந்த மலர் எதுவென வினவி, மனத்தையே மலராகக் காட்டினார். எமது மார்க்கத்திலும், ஒருவர் நட்ட மரத்திலிருந்து மனிதரோ பறவையோ விலங்கோ உண்ணுமாயின் அது நட்டவருக்குத் தருமமாகும் என்பது நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் போதனை. அணில் கடித்த பப்பாசியைக் கண்டு முகஞ்சுளிக்கும் வேளைகளில் அப்போதனையை நினைந்து அமைதி பெறுவேன்.

2021 ஆம் ஆண்டில் இரசாயன உர இறக்குமதி தடை செய்யப்பட்டது. 2022 இல் நாடு பெரும் பொருளாதார நெருக்கடியில் வீழ்ந்தது. வீட்டுத் தோட்டம் செய்வதற்கென்றே அரச ஊழியர்க்கு வெள்ளிக்கிழமை விடுமுறை வழங்கத் தீர்மானித்ததும் அவ்வாண்டிலேதான். தோட்டம் பொழுதுபோக்கன்று, உலையோடு தொடர்புடையது என்பதை அக்காலத்தில் பலரும் உணர்ந்தனர். எம்மவர் பலர் மண்வெட்டி எடுத்தனர். யானும் பாத்திகளைப் பெருக்கினேன். பாத்தி பெருகியதேயன்றிக் கிணறு பெருகவில்லை.

அதற்குப் பின் வந்த ஒரு கோடையிலே கச்சான் நெடுநாள் வீசியது. எமது கிணற்றில் நாளொன்றுக்கு 40 வாளிக்கு மேல் ஊறவில்லை. அயலில் இரண்டு கிணறுகள் அடி தெரிய வற்றின. ஒருநாட் காலை, பக்கத்து வீட்டு ராத்தா குடத்தோடு வேலியருகே வந்து நின்று, “மாஸ்டர், ரெண்டு குடம் அள்ளட்டா?” என்று கேட்டார். மறுநாள் மூன்று வீட்டார் வந்தனர். கேட்ட எவருக்கும் இல்லையென்று சொல்ல நா எழவில்லை. ஆனால், அவர்கள் அள்ளிச் சென்றபின் கிணற்றை எட்டிப் பார்த்தபோது என் மனம் தேசிமரத்தின் பக்கமே சென்றது.

தேவைக்கு மிஞ்சிய நீரைப் பிறர்க்கு மறுக்கலாகாது என்பதும் நபிமொழியே. இங்குதான் எனக்கு ஓர் ஐயம் எழுந்தது. மிஞ்சியது என்பது யாது? உம்மாவின் மரத்துக்கு யான் ஊற்றும் நீர் தேவையா, மிகுதியா? மரம் நடுவதும் தருமம். நீர் கொடுப்பதும் தருமம். இரு தருமங்கள் ஒரே வாளியின் முன் வந்து நின்றால் எதற்கு முதலிடம்? உரையாசிரியர்கள் ஒரு சொல்லின் எல்லையை எவ்வளவு நுணுகி ஆராய்வார்களோ, அவ்வளவு நுணுக்கமாக அச்சொல்லைப் பல நாள் ஆராய்ந்தேன். முடிவில் ஒன்று தெளிவாயிற்று. என் விருப்பங்களெல்லாம் நிறைவேறிய பின் எஞ்சுவதையே மிகுதி என்று கொண்டால், உலகத்தில் எவரிடத்தும் எக்காலத்தும் மிகுதி இராது. பிறனுடைய தேவை என் வாயிலுக்கு வரும்போதே என் பங்கின் அளவு தெரிகிறது.

ஆகவே ஒரு வரிசை அமைத்தோம். முதலில் மனிதர் குடிக்கவும் சமைக்கவும்; அடுத்து ஆடு மாடுகளின் தொட்டிக்கு; எஞ்சினாற் பாத்திகளுக்கு. வுழூச் செய்த நீரையும் அரிசி கழுவிய நீரையும் வாழைக்கும் தேசிக்கும் திருப்பினோம். வாடும் இலையைக் கண்டு என் மனைவி, “உம்மாட மரமெலுவா?” என்று ஒருநாட் கேட்டார். யான் விடை கூறவில்லை. அவரும் விடையை எதிர்பார்க்கவில்லை. கேட்டவரே அடுத்த வீட்டுப் பிள்ளையின் குடத்தைத் தூக்கி இடுப்பில் வைத்துவிட்டார்.

உழவினும் எருவிடுதல் நன்று, நீர் பாய்ச்சுதலினும் காத்தல் நன்று என்பது வள்ளுவர் கருத்து. காத்தல் என்றால் ஆடு மாடு புகாமற் காத்தல் என்றே உரை கூறி வந்தோம். நீரற்ற அக்கோடையிலே அதற்கு மற்றுமொரு பொருளையும் என் தோட்டம் காட்டியது. சருகையும் வைக்கோலையும் பரப்பி மண்ணை மூடினேன். வாழையைச் சுற்றித் தேங்காய் மட்டைகளைப் புதைத்தேன். மூடிய மண்ணிலே முந்திய நாளின் ஈரம் விரலுக்குத் தட்டுப்பட்டது. சுவனத்தைக் குறிக்கும் ‘ஜன்னத்’ என்னும் அறபுச் சொல்லுக்குத் தோட்டம் என்பது பொருள். அதன் வேர்ச்சொல்லோ மறைத்தல், மூடுதல் என்னும் கருத்தினது. மரஞ்செடிகளால் நிலம் மூடப்பட்ட இடமே தோட்டம். வறண்ட நிலத்து மொழியொன்று தோட்டத்துக்கு இப்பெயரைச் சூட்டியதில் வியப்பில்லை.

வாழை பிழைத்தது, முருங்கைக்கு எவர் தயவும் வேண்டியிருக்கவில்லை. தேசிமரம் பிழைக்கவில்லை. மாரி பிறந்து ஒரு மாதம் காத்திருந்தும் துளிர் வராமையால், அதனை வெட்டி அகற்றினேன். அவ்விடத்தைக் கடக்கும்போது இன்றும் நெஞ்சு சற்றே நின்று செல்கிறது. எனினும், சில ஆண்டுகளுக்கு முன் இறக்காமத்து நண்பர் ஒருவருக்கு அம்மரத்திலிருந்து பதியம் வைத்துக் கொடுத்திருந்தேன். அது அங்கே காய்த்து நின்றது. அதிலிருந்து ஒரு பதியத்தை அவர் எனக்குத் தந்தார். யான் காத்து வைத்த மரம் போயிற்று. கொடுத்துவிட்ட கிளை திரும்பி வந்தது.

களையைப் பற்றிய என் எண்ணமும் மாறிவிட்டது. தீய குணங்களுக்குக் களையை உவமை கூறுவது மரபு. பாத்தியிலே குந்தியிருந்து களை பறிப்பவனுக்கு அவ்வுவமை முழுதும் பொருந்துவதாகத் தோன்றாது. கீழ்க்காய்நெல்லியும் குப்பைமேனியும் பாத்தியிலே களை. வைத்தியர் வீட்டிலே மருந்து. செடியின் பிறவியிலே தீமை இல்லை. மற்றொன்றுக்கு உரிய நீரைக் குடிக்கும் இடத்தில் நிற்பதனாலேயே அது களையாகிறது. அவ்விலக்கணத்தை மனிதருக்கும் பொருத்திப் பார்த்தால், கிணற்றைப் பூட்டி வைத்துத் தோட்டம் வளர்ப்பவன் எந்த இனத்தைச் சேர்வான் என்பதைக் கற்றோர் தாமே அறிவர். தோட்டம் என்பது உடைமையன்று. நம்மிடம் ஒப்படைக்கப்பட்ட அமானிதம்.

உலகம் முடிவெய்தும் வேளை வந்துவிட்டாலும், கையிலே ஒரு கன்று இருந்து, நட இயலுமாயின் நட்டுவிடுமாறு பணிக்கும் நபிமொழி ஒன்றுண்டு. அக்கன்றுக்கு நீரூற்ற எவர் இருப்பார்? அதன் கனியை எவர் உண்பார்? ஒருவருமில்லை. பயனை நீக்கிய பின்னும் செயலிலே ஒரு தூய்மை எஞ்சுகிறது. அதனையே இறைவன் ஏற்கிறான் என்பது அதன் கருத்தெனக் கொள்கிறேன்.

புதிய தேசி இப்போது முழங்காலளவு வளர்ந்துள்ளது. அதிலே பதியம் எடுக்கும் நாள் தொலைவிலுள்ளது. ஆயினும் பப்பாசிக் கன்றும் முருங்கைக் கொம்பும் கேட்டு மாணவர் வருகின்றனர். அவர்களிடம் யான் முதலில் வினவுவது நிலத்தின் அளவையன்று. ஆவணி மாதத்திலே உங்கள் வீட்டுக் கிணறு எத்தனை குடம் நீர் தரும், அவற்றுள் அயலவர்க்கு எத்தனை என்று வீட்டிலே கேட்டு வரச் சொல்கிறேன். விடையோடு திரும்பி வருபவர்க்குக் கன்று கொடுக்கிறேன்.