கடல் கொண்ட பின்னும்

"உலகம் எப்போ தாத்தா அழியும்?" என்றாள், தில்லியிலேயே பிறந்து வளர்ந்த என் பேத்தி. ஏதோ ஆங்கிலப் படம் பார்த்த பயம்.

நம் இலக்கியத்திலும் பிரளயம் உண்டு. இந்திர விழாவை மறந்ததால் புகாரைக் கடல் கொண்டது என்கிறது மணிமேகலை. தென்மதுரையும் கபாடபுரமும் கடலுக்குள் போயின என்கிறது இறையனார் அகப்பொருள் உரை. (முதற்சங்கம் 4440 ஆண்டுகள் நடந்தது என்னும் அதன் கணக்கு மட்டும் என் போன்ற பொறியாளனுக்கு இடிக்கிறது!) ஆனால் ஒவ்வொரு முறையும் பாண்டியன் வேறு ஊரில் மறுபடி சங்கம் கூட்டிவிடுகிறான்.

எங்கள் ரயில்வேயும் ஒரு கடல்கோளைக் கண்டது. 1964 டிசம்பர் 22 இரவு, பாம்பனிலிருந்து தனுஷ்கோடி சென்ற பாசஞ்சர் ரயில் ஊரை எட்டுமுன்பே அலையில் மூழ்கியது. போனவர்கள் திரும்பவில்லை. 1914-ல் திறந்த பாம்பன் பாலத்தின் கர்டர்களும் கடலில் விழுந்தன. அவற்றைத் தேடி எடுத்து, 46 நாளில் பாலத்தைச் சீராக்கியவர் இளம் பொறியாளர் இ. ஸ்ரீதரன். நாம் தினமும் ஏறும் தில்லி மெட்ரோவைப் பின்னாளில் உருவாக்கியவரும் அவரே.

2025 ஏப்ரலில் புதுப்பாலமே வந்துவிட்டது. தனுஷ்கோடிக்கு மட்டும் தண்டவாளம் திரும்பவில்லை. திரும்ப வேண்டாம் என்பதே என் கட்சி. அந்த மணலை நம்பி ரயில் விட மனம் வரவில்லை.

பேத்திக்கு இப்போது அந்த இடிந்த ஸ்டேஷனைப் பார்க்க வேண்டுமாம். கோடை விடுமுறைக்கு டிக்கெட் எடுத்திருக்கிறேன்.