இணைந்தால் போதாது, இசைய வேண்டும்!

அக்கா வீட்டுக்குப் போயிருந்தேன். ஐந்தாம் வகுப்பு படிக்கும் அவள் மகன், டிவிக்கு முன்னால் வெள்ளை ரிமோட்டும் கையுமாக நின்றுகொண்டிருந்தான். யாரோ ஆடி முடித்து விற்ற நின்டெண்டோ 'வீ' பெட்டியை வாங்கி வந்திருந்தார்கள். கூடவே 'வீ ஸ்போர்ட்ஸ் ரிசார்ட்' டிஸ்க். ரிமோட்டின் அடிப்பக்கத்தில் நான்கு நீல விளக்குகள் மினுக்கின. பிறகு முதல் விளக்கு மட்டும் நிலைத்து எரிந்தது. பெட்டி ரிமோட்டை ஏற்றுக்கொண்டுவிட்டது என்று அர்த்தம். ஆனால், விளையாட்டுக்குள் நுழைய முடியவில்லை. 'மோஷன் பிளஸ்' கருவியை மாட்டச் சொல்லிவிட்டுத் திரை அப்படியே நின்றது.

"மாமா, லைட்டு எரியுதுல்ல? அப்புறம் ஏன் ஆட விடமாட்டேங்குது?"

சின்னக் கேள்விதான். ஆனால், உடலை அசைத்து ஆடும் வீடியோ கேம்களை வாங்குகிற ஒவ்வொரு வீட்டிலும் இந்தக் கேள்வி என்றாவது ஒருநாள் எழுகிறது. கன்ட்ரோலர் பெட்டியோடு இணைவது ஒன்று. விளையாட்டோடு இசைவது வேறொன்று. இந்த வித்தியாசம் தெரியாமல்தான் பலர் பணத்தை விடுகிறார்கள்.

ரிமோட்டுக்குள் என்ன இருக்கிறது?

2005 செப்டம்பரில் டோக்கியோ கேம் ஷோ மேடையில், நின்டெண்டோவின் அன்றைய தலைவர் சடோரு இவாடா இந்தக் கன்ட்ரோலரை முதன்முதலில் காட்டினார். அதற்கு முன்பிருந்த கன்ட்ரோலர்களில் பட்டன்கள் கூடிக்கொண்டே போயின. பழகாதவர்கள் கையில் எடுக்கவே தயங்கினார்கள். டிவி ரிமோட்டைப் போன்ற ஒன்றைக் கொடுத்தால் வீட்டில் எல்லோரும் எடுத்து ஆடுவார்கள் என்று நின்டெண்டோ கணக்குப் போட்டது. கணக்கு பலித்தது. 2006 நவம்பர் 19 அன்று அமெரிக்காவில் விற்பனைக்கு வந்த 'வீ', உலகம் முழுக்க 10 கோடிக்கும் மேல் விற்றது. முதியோர் இல்லங்களில்கூடப் பாட்டிகளும் தாத்தாக்களும் டிவி முன் நின்று பௌலிங் ஆடினார்கள்.

அந்த முதல் ரிமோட்டுக்குள் இரண்டு முக்கியமான உறுப்புகள் இருந்தன. ஒன்று, முடுக்கமானி. கையை எவ்வளவு வேகமாக வீசுகிறோம், ரிமோட் எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது என்பதை அது சொல்லும். மற்றொன்று, ரிமோட்டின் மூக்கில் இருக்கும் அகச்சிவப்புக் கேமரா. டிவிக்கு மேலே வைக்கும் பட்டையைச் 'சென்சார் பார்' என்கிறார்கள். உண்மையில் அது எதையும் உணர்வதில்லை. அதன் இரு முனைகளிலும் அகச்சிவப்பு விளக்குகள் எரிகின்றன, அவ்வளவுதான். அவற்றைப் பார்த்து, தான் திரையின் எந்த இடத்தைச் சுட்டுகிறோம் என்று கணக்கிடுவது ரிமோட். பட்டை பழுதானபோது அதன் இடத்தில் இரண்டு மெழுகுவத்திகளை ஏற்றிவைத்து ஆடியவர்கள் உண்டு. மெழுகுவத்திச் சுடரிலிருந்தும் அகச்சிவப்பு ஒளி வருகிறதே!

முடுக்கமானிக்கு ஒரு குறை. ரிமோட்டை உள்ளங்கையில் படுக்க வைத்து முன்னும் பின்னும் சாய்த்துப் பாருங்கள். புவியீர்ப்பு இழுக்கும் திசை ரிமோட்டைப் பொறுத்தவரை மாறுகிறது. அதை வைத்து அது சாய்வைக் கண்டுகொள்கிறது. இப்போது அதே ரிமோட்டை மேசைமேல் வைத்து, திருகையைச் சுற்றுவதுபோல் மெல்லச் சுற்றுங்கள். புவியீர்ப்பு முன்பு இழுத்த திசையிலேயே இழுக்கிறது. ரிமோட்டுக்குச் சுற்றியது தெரிவதில்லை.

டென்னிஸ் மட்டையை வீச இந்த அளவு அறிவு போதும். 'வீ ஸ்போர்ட்ஸ்' ஆட்டத்தில் மணிக்கட்டைச் சுண்டினாலே பந்து பறப்பது அதனால்தான். வாள் வீச்சுக்கு அது போதாது. வாள் எந்தக் கோணத்தில் இருக்கிறது, எந்தப் பக்கம் திரும்புகிறது என்று கணத்துக்குக் கணம் தெரிந்தாக வேண்டும். அதற்காக 2009இல் வந்ததுதான் 'வீ மோஷன் பிளஸ்'. சுழற்சியை அளக்கும் கைரோஸ்கோப் அதில் இருந்தது. ரிமோட்டின் அடியில் செருகும் சிறு துண்டாக வந்து, 2010 முதல் 'வீ ரிமோட் பிளஸ்' என்ற பெயரில் ரிமோட்டுக்குள்ளேயே அடங்கியது.

'வீ ஸ்போர்ட்ஸ் ரிசார்ட்', 'ரெட் ஸ்டீல் 2', 2011இல் வந்த 'செல்டா: ஸ்கைவர்ட் ஸ்வோர்ட்' எல்லாம் இது இல்லாமல் ஓடாதவை. அக்கா மகனின் கையில் இருந்தது 2006இன் ரிமோட். அவன் ஆட நினைத்தது 2009இன் விளையாட்டு.

புதிய பெட்டி, பழைய கை

பெட்டியை மாற்றும்போது சிக்கல் இன்னும் பெரிதாகிறது. இதில் நின்டெண்டோவைப் பாராட்டவும் இடமிருக்கிறது. 2012இல் 'வீ யூ' வந்தபோது பழைய ரிமோட், அதில் செருகும் நன்சக், ஏறி நிற்கும் பேலன்ஸ் போர்டு எல்லாம் அதிலும் வேலை செய்தன. பழைய டிஸ்க்குகளும் ஓடின. கையில் பழைய ரிமோட் இருந்தவர்களுக்கு எதுவும் வீணாகவில்லை.

2017 மார்ச்சில் வந்த 'ஸ்விட்ச்', புதுக் கணக்கைத் தொடங்கியது. அதன் ஜாய்-கான் கன்ட்ரோலர் ஒவ்வொன்றிலும் முடுக்கமானியும் கைரோஸ்கோப்பும் இருந்தன. வலது கை ஜாய்-கானில் கூடுதலாக ஓர் அகச்சிவப்புக் கேமரா. 2019இல் வந்த 'ரிங் ஃபிட் அட்வென்ச்சர்' உடற்பயிற்சி விளையாட்டில், வலது ஜாய்-கானை ஒரு வளையத்தில் செருக வேண்டும். இடது ஜாய்-கானைத் தொடையில் கட்ட வேண்டும். கேமராமேல் விரலை வைத்தால் நாடித்துடிப்பைக்கூட அது அளக்கும்.

அதே 2019இல் வந்த 'ஸ்விட்ச் லைட்' பெட்டியில் கன்ட்ரோலரைக் கழற்றவே முடியாது. அதில் 'ரிங் ஃபிட்' ஆட வேண்டுமானால் ஜாய்-கான் ஜோடியைத் தனியாக வாங்க வேண்டும். 2025 ஜூன் 5 அன்று 'ஸ்விட்ச் 2' வந்தது. அதன் புதிய ஜாய்-கான் 2 அளவில் சற்றுப் பெரியது. அகச்சிவப்புக் கேமராவும் அதில் இல்லை. 'ரிங் ஃபிட்' விளையாட்டைப் புதிய பெட்டியில் ஆடலாம், ஆனால் பழைய ஜாய்-கான் கையில் இருந்தாக வேண்டும். கம்பியில்லாமல் அது இணையும். புதிய பெட்டியின் பக்கவாட்டில் மாட்டிச் சார்ஜ் ஏற்ற முடியாது. அதற்கென்று சார்ஜிங் கிரிப்போ பழைய பெட்டியோ வேண்டும். புதியதை வாங்கும் ஆர்வத்தில் பழையதை மொத்தமாக விற்றவர்களுக்கு இது பின்னால்தான் தெரியவந்தது.

இவர்கள் பரவாயில்லை. மைக்ரோசாஃப்டின் 'கினெக்ட்' கதையைப் பாருங்கள். 2010 நவம்பரில், கன்ட்ரோலரே வேண்டாம், உங்கள் உடலே கன்ட்ரோலர் என்று, எக்ஸ்பாக்ஸ் பெட்டிக்கான கேமராவாக வந்தது. முதல் 60 நாட்களில் 80 லட்சம் விற்றுக் கின்னஸ் புத்தகத்தில் ஏறியது. 2017இல் உற்பத்தி நின்றது. 2020இல் வந்த எக்ஸ்பாக்ஸ் பெட்டிகளில் கினெக்டுக்கு இடமே இல்லை. அதற்காக எழுதப்பட்ட விளையாட்டுகளுக்குப் பழைய பெட்டியும் பழைய கேமராவும்தான் கதி.

யார் பொறுப்பு?

இந்த வகை விளையாட்டில் பாதிதான் டிஸ்க்கில் இருக்கிறது; மீதிப் பாதி கன்ட்ரோலரில். மற்ற விளையாட்டுகளில் பட்டனுக்குப் பதில் வேறு பட்டன் வைத்துக்கொள்ளலாம். வாள் வீச்சுக்கும் வளையத்தை அழுத்துவதற்கும் அப்படி மாற்று வைப்பது எளிதல்ல. அதனால் தயாரிப்பாளர்களின் பொறுப்பு இங்கே அதிகம். எந்தக் கன்ட்ரோலர், எத்தனை, கூடுதலாக என்ன வேண்டும் என்பதைப் பெட்டியின் முன்பக்கத்தில் பெரிய எழுத்தில் போட வேண்டும்.

முடிந்த இடத்தில் மாற்று வழியும் தர வேண்டும். 'ஸ்கைவர்ட் ஸ்வோர்ட்' 2021இல் ஸ்விட்சுக்கு வந்தபோது கை வீசியும் ஆடலாம், ஸ்டிக்கையும் பட்டனையும் கொண்டும் ஆடலாம் என்று இரு வழி வைத்தார்கள். கழற்ற முடியாத 'லைட்' வைத்திருப்பவருக்கு மட்டுமல்ல, கையைத் தூக்கி வீச இயலாதவருக்கும் அதனால் ஓர் உலகம் திறந்தது. செய்ய முடியும் என்பதற்கு இது சாட்சி.

வாங்கும் முன்

முதலில் விளையாட்டைத் தீர்மானியுங்கள். பிறகு கன்ட்ரோலரைத் தேடுங்கள். பழைய வீ ரிமோட் வாங்கும்போது அதன் முன்பக்கத்தின் அடியில் 'வீ மோஷன் பிளஸ் இன்சைட்' என்று ஆங்கிலத்தில் அச்சாகியிருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் கைரோஸ்கோப் உள்ளே இருக்கிறது.

திரையில் சுட்டிக்காட்டி நகரவில்லை என்றால் உடனே ரிமோட்டைக் குறை சொல்லாதீர்கள். பட்டையின் முனைகளைச் செல்போன் கேமரா வழியாகப் பாருங்கள். பெரும்பாலான போன்களில் ஊதா நிறத்தில் ஒளிப்புள்ளிகள் தெரியும். கண்ணுக்குத் தெரியாத அந்த ஒளி தெரிந்தால் பட்டை உயிரோடு இருக்கிறது.

பார்வைக்கு அச்சு அசலாக இருக்கும் மலிவு கன்ட்ரோலர்களில் கவனம் தேவை. இணையும், பட்டனும் வேலை செய்யும்; கைரோஸ்கோப்போ அகச்சிவப்புக் கேமராவோ உள்ளே இல்லாமல் போகலாம். "கனெக்ட் ஆகுமா?" என்று மட்டும் கேட்டால் கடைக்காரர் "ஆகும்" என்பார். அது பொய்யும் இல்லை. "இந்த விளையாட்டை இதை வைத்து ஆட முடியுமா?" என்று டிஸ்க்கைக் காட்டிக் கேளுங்கள். முடிந்தால் அங்கேயே போட்டுக் காட்டச் சொல்லுங்கள்.

அடுத்த வாரம் அக்கா வீட்டுக்கு ஒரு ரிமோட் பிளஸ் வந்து சேர்ந்தது. திரை சொன்னபடி அதை மேசைமேல் குப்புற வைத்து, அசையாமல் காத்திருந்தான் பையன். கைரோஸ்கோப் தன் பூச்சியத்தைப் பிடித்துக்கொள்ள அந்த அசைவின்மை தேவை. பிறகு எடுத்து மணிக்கட்டை மெல்லத் திருப்பினான். திரையில் வாளும் அவ்வளவே திரும்பியது. அவன் முகத்தில் வந்த சிரிப்புக்காகத்தான் இத்தனை சென்சார்களும்.

உங்கள் வீட்டிலும் பழைய கன்ட்ரோலர்கள் ஏதாவது பெட்டியில் கிடக்கலாம். தூக்கிப் போட்டுவிடாதீர்கள், பெட்டியோடு சேர்த்து விற்றுவிடாதீர்கள். அவற்றுக்கான டிஸ்க்குகளோடு ஒன்றாகக் கட்டி வையுங்கள். வீ ரிமோட்டாக இருந்தால், வைக்கும் முன் உள்ளேயிருக்கும் இரண்டு பேட்டரிகளையும் மறக்காமல் கழற்றிவிடுங்கள். கசியும் பேட்டரி ரிமோட்டை அரித்துவிடும்.